ஜார்ஜினா ஸ்பெல்வின்: சமையலுக்கு வந்து கதைத்தலைவியானவர்

மேடையோரம் எழுதியது:

தொடங்கும் முன் ஒரு வேண்டுகோள்: இந்த இழையில் படங்களும் காணொளிச் சுட்டிகளும் வேண்டாம். ஒரு நடிகையின் தொழிலைப் பற்றிப் பேசுவதே என் நோக்கம். நாம் ‘நீலப்படம்’ என்ற ஒரே சொல்லில் எல்லாவற்றையும் மூட்டை கட்டிப் பரணில் போட்டுவிடுகிறோம். அந்த மூட்டைக்குள், 1970களின் தொடக்கத்தில் அமெரிக்க நகரங்களில் மக்கள் நாளிதழில் விமர்சனம் படித்துவிட்டு, வரிசையில் நின்று சீட்டு வாங்கிப் பார்த்த முழுநீளக் கதைப்படங்களும் கிடக்கின்றன. அவற்றில் ஒன்றான ‘தி டெவில் இன் மிஸ் ஜோன்ஸ்’ படத்தில் தலைமை வேடம் ஏற்ற ஜார்ஜினா ஸ்பெல்வின் பற்றியே இங்கு எழுத விரும்புகிறேன்.

அவர் 1936ஆம் ஆண்டு மார்ச் 1 அன்று டெக்சாஸ் மாநிலத்தின் ஹூஸ்டன் நகரில் பிறந்தவர். சிறுவயதில் இளம்பிள்ளை வாதத்தால் பாதிக்கப்பட்டவர். அப்படிப்பட்டவர் நடனத்தையே பிழைப்பாகக் கொண்டு நியூயார்க் சென்று, பிராட்வே இசை நாடகங்களின் குழு நடனத்தில் இடம் பிடித்தார். ‘த பஜாமா கேம்’, ‘காபரே’, ‘ஸ்வீட் சாரிட்டி’ ஆகிய நாடகங்கள் அவருடைய மேடைக் கணக்கில் வருகின்றன. குழு நடனக்காரர் என்றால் பின்வரிசையில் கால் வீசுபவர் என்று நாம் இளக்காரமாக நினைக்கலாம். ஆனால் ஒவ்வோர் இரவும் ஒரே அசைவை ஒரே கணக்கில், முந்தைய இரவின் களைப்பு தெரியாமல் செய்து காட்டும் அந்த ஒழுக்கம், பின்னாளில் அவர் கேமராவின் முன் நின்றபோது கைகொடுத்தது என்பது என் கருத்து.

1972இல், முப்பத்தாறு வயதில், மேடை வாய்ப்புகள் வற்றியிருந்த நேரத்தில், இயக்குநர் ஜெரார்ட் டாமியானோவின் படக்குழுவுக்குச் சமைத்துப் போடும் வேலைக்காகவே அவர் அணுகப்பட்டார். அங்கே, வேறொரு வேடத்துக்கு நடிகர் தேர்வு நடந்துகொண்டிருந்தபோது எதிர்வசனம் வாசிக்க ஆளில்லாமல் இவரை வாசிக்கச் சொன்னதாகவும், அந்த வாசிப்பைக் கேட்ட டாமியானோ கதைத்தலைவி வேடத்தை இவருக்கே கொடுத்துவிட்டதாகவும் அவர் பின்னாளில் கூறியிருக்கிறார். இதில் நான் கவனிக்கச் சொல்வது ஒன்றுதான்: அத்துறையில் நடிகைகளைத் தேர்ந்தெடுத்த முறையை நாம் அறிவோம்; இவர் தேர்வானதோ வசனம் வாசித்த குரலால்.

அவருடைய திரைப்பெயரும் பேச வேண்டிய ஒன்று. ஒரே நாடகத்தில் இரண்டு வேடம் போடும் நடிகரோ, தன் பெயர் விளம்பரத்தில் வர விரும்பாத நடிகரோ ‘ஜார்ஜ் ஸ்பெல்வின்’ என்று அச்சிடச் சொல்வது பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியிலிருந்தே அமெரிக்க நாடக உலகின் வழக்கம். இலண்டன் மேடையில் அதே வேலையை ‘வால்ட்டர் பிளிஞ்ச்’ என்ற பெயர் செய்தது. ‘ஜார்ஜ் ஸ்பெல்வின்’ என்பதன் பெண்பாலைத்தான் இவர் எடுத்துக்கொண்டார். கவர்ச்சியாக ஒலிக்கும் பெயர்களைப் பிறர் தேடிக்கொண்டிருந்த துறைக்குள், நாடகக்காரர்கள் மட்டுமே புரிந்து சிரிக்கக்கூடிய ஒரு பெயருடன் நுழைந்திருக்கிறார். தாம் எங்கிருந்து வந்தவர் என்பதை அந்தப் பெயரிலேயே எழுதி வைத்துவிட்டார் என்று எனக்குத் தோன்றுகிறது.

பழைய சுருள் எழுதியது:

நல்ல தொடக்கம், ஐயா. தொழில்நுட்பப் பக்கத்திலிருந்து ஒரு குறிப்பைச் சேர்க்கிறேன். இப்படத்தின் ஒளிப்பதிவாளர் ஜுவாவ் ஃபெர்னாண்டஸ். 1984இல் வெளிவந்த ‘ஃபிரைடே தி தர்ட்டீன்த்’ வரிசையின் நான்காம் படத்துக்கும் அவரே ஒளிப்பதிவு செய்தார். அக்காலத்துப் பெரும்பாலான பாலியல் படங்கள் அறை முழுவதும் ஒரே வெளிச்சத்தைக் கொட்டி, எல்லாம் தெரிந்தால் போதும் என்று எடுக்கப்பட்டவை. இதில் நிழல் இருக்கிறது. முகத்தின் ஒரு பாதி இருட்டில் இருக்கும் காட்சிகள் இருக்கின்றன. ஆல்டன் ஷூமன் அமைத்த இசையோ துள்ளலை அறவே தவிர்த்து, துக்க வீட்டில் வாசிக்கத் தக்க மெட்டுகளாக நகர்கிறது. நடிகை நன்றாக நடித்தார் என்று நாம் சொல்லும்போது, நடிப்பதற்கு வெளிச்சமும் நேரமும் கொடுத்த இந்த இருவரையும் மறந்துவிடக் கூடாது. அதே இயக்குநரின் முந்தைய படமான ‘டீப் த்ரோட்’டும் இதே ஒளிப்பதிவாளருடையதுதான், ஆனால் அது கேலிக்கூத்தாக எடுக்கப்பட்டது, அங்கே முகத்துக்கு வேலை இல்லை.

கோடைமழை எழுதியது:

மேடையோரம் அவர்களின் பதிவை மதிப்புடன் படித்தேன். இருந்தாலும் ‘கலை’ என்ற சொல் இங்கே வரும்போதெல்லாம் எனக்குச் சற்றுத் தயக்கம் உண்டாகிறது. காரணத்தைச் சொல்கிறேன்.

பழைய சுருள் குறிப்பிட்ட அந்த ‘டீப் த்ரோட்’ படம் 1972இல் வெளியானது. அதில் லிண்டா லவ்லேஸ் என்ற பெயரில் நடித்த லிண்டா போர்மனுக்கு அப்போது வயது இருபத்து மூன்று. ஏறத்தாழ 25,000 டாலர் செலவில் எடுக்கப்பட்டு கோடிக்கணக்கில் வசூலித்த படத்துக்கு அவருக்குப் பேசப்பட்ட ஊதியம் 1,250 டாலர். அதையும் கணவர் சக் டிரேனரே வாங்கிக்கொண்டார். 1980இல் வெளியிட்ட தன்வரலாற்றில் அடி, மிரட்டல், துப்பாக்கிமுனை ஆகியவற்றின் கீழ்த்தான் தாம் நடித்ததாக அவர் எழுதினார். 1986இல் பாலியல் படைப்புகளை ஆராய்ந்த அமெரிக்க அரசின் மீஸ் ஆணையத்தின் முன்பும் அதையே சாட்சியமாகக் கூறினார். படம் ஓடிக்கொண்டிருந்த காலத்தில் அந்தப் பெண்ணின் முகத்தில் தெரிந்த சிரிப்பைப் பத்திரிகைகள் புதிய சுதந்திரத்தின் அடையாளம் என்று எழுதின. 1973 ஜனவரியில் ‘நியூயார்க் டைம்ஸ்’ இதழின் வார இணைப்பு, இத்தகைய படங்களுக்குப் போவது நாகரிகமாகிவிட்டதைப் பற்றி ஒரு நீண்ட கட்டுரையே வெளியிட்டது. திரையரங்கில் நாற்காலியில் உட்கார்ந்து அந்தச் சிரிப்பைப் பார்த்தவர்களில் எத்தனை பேரால் அதற்குப் பின்னால் இருந்ததைப் படிக்க முடிந்தது?

அதே இயக்குநர், அதே ஒளிப்பதிவாளர், அதே ஆண் நடிகர் ஹாரி ரீம்ஸ், அடுத்த ஆண்டிலேயே வந்த படம். அதில் ஒரு நடிகையின் திறமையை மட்டும் தனியே பிரித்தெடுத்து வியப்பது, ஒரே தறியில் நெய்த இரண்டு துணிகளில் ஒன்றன் கறையைப் பார்க்காமல் மற்றொன்றன் கரையை மெச்சுவது போலிருக்கிறது. ஸ்பெல்வின் நன்றாக நடித்திருக்கலாம், நான் மறுக்கவில்லை. ஆனால் அந்த நன்மையைச் சாட்சியாக்கி முழுத் துறையையும் வெள்ளையடிப்பவர்களை இணையத்தில் நிறையப் பார்த்துவிட்டேன்.

திண்ணைச் சட்டம் எழுதியது:

கோடைமழை அவர்கள் எழுப்பிய தயக்கத்துக்கு ஒரு சட்டப் பின்னணி இருக்கிறது. ‘கலை’ என்ற சொல் அக்காலத்தில் ரசிகர்களின் பாராட்டாக மட்டும் இருக்கவில்லை. வழக்கறிஞர்களின் கேடயமாகவும் இருந்தது.

1957ஆம் ஆண்டின் ராத் வழக்கில், ஆபாசத்துக்குப் பேச்சுரிமைப் பாதுகாப்பு கிடையாது என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பின்னர் 1966இல், ஒரு படைப்பைத் தடைசெய்ய வேண்டுமானால் அதற்குச் சமூக மதிப்பு அறவே இல்லை என்பதை அரசுத் தரப்பு காட்ட வேண்டும் என்ற அளவுகோல் வந்தது. அறவே இல்லை என்பதை நிறுவுவது எளிதா? ஒரு மருத்துவர் இரண்டு நிமிடம் தோன்றி அறிவுரை சொன்னாலும், கதைத்தலைவி ஒரு தத்துவ வரியைச் சொன்னாலும், ஏதோ மதிப்பு இருக்கிறது என்று வாதாட இடம் கிடைத்தது. ஆகவே கதை, வசனம், நடிப்பு ஆகியவற்றுக்குப் பணம் செலவழிப்பது தயாரிப்பாளருக்குச் சட்டக் காப்பீடு போல ஆயிற்று.

1973 மார்ச் 1 அன்று நியூயார்க் நீதிபதி ஜோயல் டைலர் ‘டீப் த்ரோட்’ ஆபாசமானதே என்று கடுமையான சொற்களில் தீர்ப்பெழுதினார். (அன்று ஸ்பெல்வினுக்கு முப்பத்தேழாவது பிறந்தநாள் என்பது மேடையோரம் கொடுத்த தேதியைப் பார்த்தபோதுதான் எனக்கு உறைத்தது.) அதே மாதத்தில்தான் ‘மிஸ் ஜோன்ஸ்’ வெளியானது. ஜூன் 21 அன்று மில்லர் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் தீர்ப்பு ஐந்துக்கு நான்கு என்ற பெரும்பான்மையில் வந்து, அளவுகோலை மாற்றியது: படைப்பை முழுமையாக எடுத்துப் பார்க்கும்போது அதற்குக் குறிப்பிடத்தக்க இலக்கிய, கலை, அரசியல், அறிவியல் மதிப்பு இல்லாமலிருந்தால் போதும்; காம இச்சையைத் தூண்டுகிறதா என்பதையும் அருவருப்பாக இருக்கிறதா என்பதையும் அந்தந்த ஊரின் வழக்கத்தை வைத்தே நடுவர் குழு முடிவு செய்யலாம். அதற்குப் பிறகு, நியூயார்க்கில் ஓடும் படச்சுருள் டென்னசியில் குற்றப்பொருளாகலாம் என்ற நிலை ஏற்பட்டது. அப்படித்தான் ஹாரி ரீம்ஸ் 1976இல் டென்னசியின் மெம்பிஸ் நகரிலுள்ள கூட்டாட்சி நீதிமன்றத்தில் ‘டீப் த்ரோட்’ தொடர்பான சதிக் குற்றத்துக்காகத் தண்டிக்கப்பட்டார். மறு ஆண்டு அத்தண்டனை நீக்கப்பட்டது என்றாலும், வெறும் நடிகர் ஒருவர் அமெரிக்காவில் அவ்வாறு தண்டிக்கப்பட்டது எல்லாரையும் உலுக்கியது.

ஆகவே ஸ்பெல்வின் நடிப்பைப் புகழ்ந்து அன்று எழுதப்பட்டவற்றைப் படிக்கும்போது, அவற்றில் சில வரிகள் நீதிமன்றத்தை நோக்கியும் பேசுகின்றன என்பதை மனத்தில் கொள்ள வேண்டும்.

மேடையோரம் எழுதியது:

இருவருக்கும் நன்றி. கோடைமழை அவர்களின் தறி உவமை என்னை இரண்டு நாள் யோசிக்க வைத்தது. துறையை வெள்ளையடிக்கும் எண்ணம் எனக்கில்லை. ஆனால் ஒரு தயக்கம் எனக்கும் இருக்கிறது: துறை கறைபட்டது என்பதற்காக அதற்குள் இருந்த ஒரு பெண் செய்த வேலையைப் பாராமல் விட்டால், அவரை இரண்டாம் முறையாக வெறும் உடலாக்கிவிடுகிறோம். எனவே அவர் செய்ததைக் காட்சி காட்சியாகச் சொல்கிறேன். படிப்பவர்களே எடை போட்டுக்கொள்ளட்டும்.

கதை இது. ஜஸ்டின் ஜோன்ஸ் என்பவள் மணமாகாமல், யாருடனும் நெருங்காமல், ஒழுக்கம் பிறழாமல் வாழ்ந்து நடுவயதை எட்டும் நேரத்தில், தனிமை தாளாமல் தன் உயிரைத் தானே மாய்த்துக்கொள்கிறாள். மறு உலகின் வாசலில் அபாக்கா என்ற ஓர் அலுவலர் அவளை வரவேற்கிறார். வாழ்நாள் முழுவதும் தூய்மையாக இருந்தாலும் உயிரை மாய்த்துக்கொண்ட ஒரே செயலால் சொர்க்கம் மறுக்கப்பட்டுவிட்டது என்கிறார். அப்படியானால் நரகத்துக்கான தகுதியையாவது நான் சம்பாதித்துக்கொள்கிறேனே, இச்சையால் நிறைந்தவளாகச் சிறிது காலம் வாழ விடுங்கள் என்று அவள் கேட்கிறாள். அது கிடைக்கிறது. படத்தின் நடுப்பகுதி அதுதான்; அதைப் பற்றி நான் எழுதப் போவதில்லை. இறுதியில் அவள் அடைக்கப்படும் அறையில் நெருப்பும் இல்லை, பேயும் இல்லை. ஈ ஒன்று பறக்கும் சத்தத்தைக் கூர்ந்து கேட்டபடி, அவளை ஏறெடுத்தும் பாராத ஓர் ஆண் உட்கார்ந்திருக்கிறான். அவள் கெஞ்சுகிறாள், அவன் ஈயைத் தேடுகிறான். அந்த ஆண் வேடத்தில் தோன்றுபவர் இயக்குநர் டாமியானோவே.

அபாக்காவின் அறையில் நடக்கும் உரையாடலை எடுத்துக்கொள்ளுங்கள். அங்கே உடல் சார்ந்த எதுவும் இல்லை. இருவர் உட்கார்ந்து பேசுகிறார்கள். செத்துப்போன ஒருத்தி அலுவலகத்தில் விண்ணப்பம் தள்ளுபடியானவளைப் போலப் பேச வேண்டிய காட்சி அது. ஸ்பெல்வின் முதலில் குரலை உயர்த்துவதே இல்லை. கைகளை மடியில் வைத்து, முதுகை நேராக நிறுத்தி, பள்ளி ஆசிரியையிடம் நிற்கும் மாணவியைப் போல மரியாதையாகக் கேட்கிறார். மறுப்பு உறுதியான பிறகுதான், அது எத்தனை அநியாயம் என்பது அவருடைய முகத்தில் மெல்ல ஏறுகிறது. சினம் வெடிக்கவில்லை, கணக்கில் ஏமாற்றப்பட்டவளின் திகைப்பாகவே நிற்கிறது. நடனக்காரர்கள் அசையாமல் நிற்பதைத்தான் கடைசியாகக் கற்றுக்கொள்வார்கள் என்று நாட்டிய ஆசிரியர் ஒருவர் என்னிடம் சொன்னதுண்டு. அந்த அசையாமையை அங்கே பார்த்தேன்.

பிறகு அதே உடல் நேர்முதுகை இழந்து, தோள் தளர்ந்து, படத்தின் இறுதியில் தரையோடு தரையாக வருவதுவரை, நடையிலும் நிற்பதிலும் ஒரு படிப்படியான மாற்றத்தை அவர் வைத்திருக்கிறார். தொடக்கத்து ஜஸ்டினையும் இறுதியில் வரும் ஜஸ்டினையும் ஒலி இல்லாமல் பார்த்தாலும் ஒருத்தி மற்றவளாக ஆனது தெரியும்.

வயதையும் சொல்ல வேண்டும். அத்துறையின் புகழ்பெற்ற முகங்கள் இருபது வயதைச் சுற்றி இருந்தன. முப்பத்தாறு வயதுப் பெண்ணின் முகத்தில் மட்டுமே வாழாமல் விட்டதன் வருத்தம் நம்பும்படி அமரும். இருபது வயதுப் பெண் ஒருத்தி ‘என் வாழ்க்கை வீணாயிற்று’ என்றால் நாம் சிரித்திருப்போம்.

மெய்ப்பாடு எழுதியது:

என் புனைபெயரைக் காப்பாற்ற வேண்டிய கட்டாயத்தால் தொல்காப்பியரை அழைக்கிறேன், மன்னிக்கவும். இத்தகைய படம் ஒன்றில் உவகை ஒன்றைத்தான் எதிர்பார்த்து மக்கள் போயிருப்பார்கள். ஆனால் மேடையோரம் விவரித்த இறுதிக் காட்சியில் நிற்கும் மெய்ப்பாடு (உடலில் வெளிப்படும் உணர்ச்சி) இளிவரல், அதாவது இழிவுணர்வு. மூப்பு, பிணி, வருத்தம், மென்மை ஆகிய நான்கின் வழியாக அது பிறக்கும் என்கிறது மெய்ப்பாட்டியல். ஒருத்தி தன் நிலை தாழ்ந்து, தன்னாலேயே தன்னைப் பார்க்க முடியாமல் போகும் இடம் அது. பார்வையாளனும் அவ்விடத்தில் கூச்சப்படுகிறான். இச்சையைத் தூண்டுவதற்காகச் சீட்டு விற்ற படம், இச்சை தணியாமையையே தண்டனையாக்கி முடிகிறது என்பது வணிகக் கணக்குக்கு நேர் எதிரானது.

அந்த அறை எங்கிருந்து வந்தது என்பது பலருக்கும் தெரிந்திருக்கும். 1944இல் பாரிசில் அரங்கேறிய பிரெஞ்சு எழுத்தாளர் சார்த்தரின் நாடகத்தில், மூவர் ஓர் அறையில் அடைக்கப்பட்டு, கொதிக்கும் எண்ணெய் எங்கே, சித்திரவதைக்காரன் எங்கே என்று காத்திருந்து, தாங்களே ஒருவருக்கொருவர் சித்திரவதை என்பதைக் கண்டுகொள்கிறார்கள். வெ. ஸ்ரீராம் அதை ‘மீள முடியுமா?’ என்ற தலைப்பில் தமிழுக்குக் கொண்டுவந்தார். நம்மில் பலர் அதைக் கல்லூரி நாட்களில் படித்தவர்கள். டாமியானோ திரைக்கு வரும் முன் நியூயார்க்கின் குவீன்ஸ் பகுதியில் முடிதிருத்தகம் நடத்தியவர். அப்படிப்பட்டவர் சார்த்தரின் அறையை எடுத்து இப்படிப்பட்ட படத்தின் முடிவில் வைத்தார் என்பதே விந்தைதான். ஆனால் எழுதி வைப்பது வேறு, அதை நம்ப வைப்பது வேறு. ஈயைத் தேடும் ஆளிடம் கெஞ்சும் அந்தக் காட்சி, சற்றுத் திறமை குறைந்த நடிகையிடம் போயிருந்தால் அரங்கம் கைகொட்டிச் சிரித்திருக்கும்.

அரைச்சீட்டு எழுதியது:

தொல்காப்பியரும் சார்த்தரும் ஒரே பதிவில் சந்தித்து, அதுவும் இந்தப் படத்தின் வாசலில் சந்தித்துக்கொண்டது இம்மன்றத்தின் வரலாற்றில் இதுவே முதல் முறை. ஒரு கேள்வி மட்டும்: இவ்வளவு நன்றாக நடித்தவருக்கு ஏன் வெளியே வாய்ப்பு வரவில்லை?

பழைய சுருள் எழுதியது:

அரைச்சீட்டு அவர்களின் கேள்விக்கு நான் அறிந்தவரை பதில் தருகிறேன்.

படம் ஓடாமல் போனதால் அல்ல. திரைத்துறை ஏடான ‘வெரைட்டி’ தொகுத்த 1973ஆம் ஆண்டின் வசூல் பட்டியலில் முதல் பத்துப் படங்களுக்குள் இது வந்தது. அதே ஏட்டின் விமர்சனம் இப்படத்தில் இந்த வகைச் சினிமா கலையை நெருங்கிவிட்டது என்ற பொருளில் எழுதியது. விமர்சகர் ரோஜர் ஈபர்ட் மூன்று நட்சத்திரம் கொடுத்தார். ஆயினும், பெரிய படநிறுவனங்கள் அந்தப் புகழைக் கதவுக்கு வெளியிலேயே நிறுத்திவைத்தன. எல்லையைக் கடந்து போன நடிகைக்குத் திரும்பி வரும் பாதை இருக்கவில்லை. இதே வகைப் படமான ‘பிஹைண்ட் தி கிரீன் டோர்’இன் நடிகை மெரிலின் சேம்பர்ஸ் திரும்ப முயன்று, டேவிட் குரோனன்பர்க்கின் 1977ஆம் ஆண்டுப் படமான ‘ராபிட்’டில் நன்றாகவே நடித்தார், அதற்குப் பிறகும் அந்தக் கதவு அகலவில்லை.

ஸ்பெல்வின் தொடர்ந்து அதே துறையில் ஏறக்குறைய பத்தாண்டுகள் இருந்தார். 1974இல் வந்த ‘வெட் ரெயின்போ’, 1978இல் வந்த ‘டேக் ஆஃப்’ போன்றவை அவற்றில் அடங்கும். போகப் போகத் தலைமை வேடங்கள் குறைந்து, நகைச்சுவை கலந்த துணை வேடங்கள் கூடின. அத்துறையினரின் சங்கம் வழங்கிய விருதுகளில் துணை நடிகைக்கான விருது அவருக்குப் பலமுறை கிடைத்தது. மேடையில் கற்ற நகைச்சுவை நேரக்கணக்கு அங்கே பயன்பட்டது என்றே நினைக்கிறேன். ஆனால் அவற்றில் பெரும்பாலான படங்களை நான் பரிந்துரைக்க மாட்டேன். நடிகை இருக்கிறார், படம் இல்லை.

1975இல் வெளிவந்த ‘த்ரீ ஏ.எம்.’ மட்டும் விதிவிலக்கு, அதுவும் ஒரு வேடிக்கையான காரணத்தால். அதை வேறு பெயரில் இயக்கியவர் கேரி கிரேவர். அவர் அந்நாட்களில் ஆர்சன் வெல்ஸ் முடிக்க முடியாமல் இழுத்துக்கொண்டிருந்த ‘தி அதர் சைட் ஆஃப் தி விண்ட்’ படத்தின் ஒளிப்பதிவாளர். வெல்ஸிடம் ஊதியம் ஒழுங்காகக் கிடைக்காததால், பிழைப்புக்கு இத்தகைய படங்களை எடுத்தார். கிரேவர் விரைவில் தம் வேலைக்குத் திரும்ப வேண்டும் என்ற அவசரத்தில், வெல்ஸே உட்கார்ந்து அதன் ஒரு காட்சியைத் தொகுத்துக் கொடுத்தார் என்று அவ்விருவரையும் பற்றி எழுதியவர்கள் குறிப்பிடுகிறார்கள். ‘சிட்டிசன் கேன்’ எடுத்த கை அந்தச் சுருளையும் தொட்டிருக்கிறது. அப்படத்தின் தலைமை வேடத்தில் இருந்தவர் ஸ்பெல்வின்.

1984இல் ‘போலீஸ் அகாடமி’ என்ற பொதுப்படத்தில் சிறு வேடம் ஒன்று கிடைத்தது. பாலியல் தொழிலாளி வேடம். அந்த வரிசையின் மூன்றாம் படத்திலும் தோன்றினார். ஆலிவுட் அவருக்குக் கொடுத்தது அவ்வளவுதான். அப்போதும் அவரை எதற்காக அழைத்தார்கள் என்பதைப் பாருங்கள்.

திண்ணைச் சட்டம் எழுதியது:

அவர் விலகிய காலமும் கவனிக்கத் தக்கது. 1970களின் இறுதியில் வீட்டுக் காணொளிப் பெட்டி பரவத் தொடங்கி, 1980களின் நடுவில் இத்துறை திரையரங்கை விட்டே வெளியேறிவிட்டது. திரையரங்கில் முதலிலிருந்து முடிவுவரை உட்கார்ந்து பார்ப்பவனுக்குக் கதை வேண்டும். வீட்டில் கையில் தொலையியக்கி வைத்து ஓட்டிப் பார்ப்பவனுக்கு வேண்டியதில்லை. அபாக்காவின் அறைக் காட்சியைத்தான் அவன் முதலில் ஓட்டித் தள்ளுவான். அவருடைய திறமைக்கு இடம் கொடுத்த காலம் பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளில் முடிந்துவிட்டது.

கோடைமழை எழுதியது:

பழைய சுருள் கடைசியாக எழுதிய வரிதான் என் முதல் பதிவில் நான் சொல்ல முயன்றது. எனினும் இவ்விழையைப் படித்த பிறகு என் நிலையில் ஒரு திருத்தம் செய்துகொள்கிறேன்.

2008இல் ஸ்பெல்வின் தம் வாழ்க்கை வரலாற்றைத் தாமே எழுதி வெளியிட்டார். அதில் போர்மனின் நூலில் உள்ள அச்சமும் வதையும் இல்லை. தம்மைத் தாமே கேலி செய்துகொள்ளும் ஒரு பழைய மேடைக்காரியின் குரல் இருக்கிறது. தாம் விரும்பியே அந்த வேடத்தை ஏற்றதாக அவர் சொல்கிறார். அதை நான் நம்புகிறேன். போர்மன் சொன்னதையும் நம்புகிறேன். ஒரே இயக்குநரிடம், ஓராண்டு இடைவெளியில் பணியாற்றிய இருவர் இரண்டு வேறு உலகங்களில் இருந்திருக்கிறார்கள். ஒருவருக்கு வயது முப்பத்தாறு, பின்னால் இருபது ஆண்டு மேடை, கையில் இன்னொரு தொழில், வேண்டாம் என்று சொல்லத் தெரிந்த வாய். மற்றவருக்கு அவற்றில் ஒன்றும் இல்லை. இருந்ததெல்லாம் ஒரு கணவர். நடிப்பு பற்றிய பேச்சில் இந்த வேறுபாட்டையும் சேர்த்துக்கொண்டால் எனக்கு ‘கலை’ என்ற சொல்லுடன் சண்டை இல்லை.

இன்னொன்று. ‘மாசிவ் அட்டாக்’ என்ற பிரிட்டிஷ் இசைக்குழுவின் ‘பாரடைஸ் சர்க்கஸ்’ என்ற பாடலின் காணொளியில், எழுபது வயதைத் தாண்டிய ஸ்பெல்வின் தம் இளமைக்கால வேலையைப் பற்றி நேரடியாகக் கேமராவைப் பார்த்துப் பேசுகிறார். பழைய படத்தின் காட்சிகளும் இடையே வருவதால் அதையும் இங்கே சுட்டியாகத் தர முடியாது. ஆனால் அந்தப் பேச்சுப் பகுதிகளில் அவர் ஒரு சொல்லுக்கும் அடுத்த சொல்லுக்கும் இடையில் எடுத்துக்கொள்ளும் நேரத்தைக் கவனித்தேன். மேடையோரம் சொன்ன அந்த அசையாமை எழுபது வயதிலும் அப்படியே இருந்தது.

அரைச்சீட்டு எழுதியது:

கடைசிக் கேள்வி. படம் முழுவதையும் பார்க்க எனக்கு விருப்பமில்லை. நடிப்பை மட்டும் பார்க்க வழி உண்டா?

மேடையோரம் எழுதியது:

உண்டு. படத்தின் தொடக்கத்தில் அவர் தனியே வீட்டில் இருக்கும் காட்சியை, உயிர்மாய்ப்பு மனத்தை வருத்தும் என்றால், தவிர்த்துவிடுங்கள். அபாக்காவின் அறையில் அவர் நுழைவதிலிருந்து அங்கிருந்து எழுந்து போவது வரை பாருங்கள். பிறகு நேராக இறுதிக் காட்சிக்குப் போய்விடலாம்; அங்கேயும் படத்தை அணைத்துவிட்டு ஒலியை மட்டும் கேட்டாலே போதும். முதல் காட்சியில் வாக்கியங்களை முழுமையாக முடித்துப் பேசிய அதே குரல் எந்த இடத்தில் பாதிச் சொல்லில் அறுபடத் தொடங்குகிறது என்று குறித்துக்கொண்டு வந்து இங்கே எழுதுங்கள். நான் குறித்த இடமும் நீங்கள் குறித்த இடமும் ஒன்றா என்று பார்ப்போம்.